பறுவத்தன்று வாங்கிய சோஸ்

மகளின் பிறந்தநாள் விருந்தன்று பறுவம். முழுநிலவு நாளில் மாமி மீன், இறைச்சி என்று எந்த மச்சமும் தொடமாட்டார். அவருக்காகவே, அக்கா அவுஸ்திரேலியாவிலிருந்து கொண்டுவந்த, எலுமிச்சை மணக்கும் காட்டு இலைத்தூள் தூவி, வியட்நாம் முறையில் மரக்கறி ரோல் சுற்றினேன். தொட்டுக்கொள்ளும் சோஸைப் பக்கத்துவீட்டு வியட்நாம்காரி லானிடம் வாங்கினேன்.

"நல்ல ருசி, பிள்ளை. உது என்ன சோஸ்?" என்றார் மாமி, இரண்டாவது ரோலைக் கடித்தபடி.

"ஃபிஷ்..." என்று தொடங்கியவள் பாதியில் நிறுத்தினேன். ரோலுக்கு வழக்கமான சோஸ் என்று யோசிக்காமல் நான் கேட்டு வாங்கியது மீன் சோஸ்!

லானிடம் ஓடினேன். அவள் சிரித்தாள். அது அன்னாசியில் செய்ததாம். பௌர்ணமியில் அவர்கள் வீட்டிலும் மச்சம் இல்லையாம்; அன்று மீன் சோஸுக்குப் பதில் இதுதானாம்.

வீட்டுக்குத் திரும்பி ஓடிவந்தேன்.

"அன்னாசிச் சோஸ், மாமி."

"அப்ப இன்னும் கொஞ்சம் ஊத்து."

ஒரே சுவரின் இரண்டு பக்கமும் இத்தனை பறுவம் மரக்கறி சமைத்திருக்கிறோம். நான்தான் ஒருநாளும் கேட்கவில்லை.