பன்னிரண்டு பிணங்களின் பெரியம்மா

லியோஃப்ரூன் ஒரு பிள்ளையும் பெறவில்லை. ஆயினும் பன்னிரண்டு பிள்ளைகளுக்கு ஒப்பாரி வைத்தாள். அவர்களில் ஒருவனைக்கூட அவள் உயிரோடு பார்த்ததில்லை.

ஆஷ்கூம் ஊரில் பார்லி மது காய்ச்சி விற்பது அவள் தொழில். நார்மன்கள் கடல் கடந்து வந்து ஆங்கிலேயர் நாட்டைப் பிடித்த ஆண்டில், அவர்களைத் தடுக்கப் போன அவள் கணவன் திரும்பவில்லை. போன ஆளைவிட, அவன் எடுத்துப்போன கோடாரிக்காகவே அவள் அதிகம் அழுதாள் என்று ஊரார் சொல்வதுண்டு. அது நடந்து இருபது ஆண்டுகள் ஆகின்றன. இப்போது கோட்டை அவர்களுடையது, காடு அவர்களுடையது, காட்டில் ஓடும் மானும் அவர்களுடையது. பிணத்திலும் பங்கு கேட்டார்கள் என்பதுதான் புதுமை.

சட்டம் இதுதான். ஊரெல்லையில் கொலையுண்டவன் எவனாவது கிடந்தால் அவன் நார்மன் என்றே கொள்ளப்படும். அவன் ஆங்கிலேயன்தான் என்று உறவினர் சத்தியம் செய்ய வேண்டும். செய்யாவிட்டால் சுற்றுவட்டார ஊர்கள் சேர்ந்து தண்டம் கட்ட வேண்டும். உழவு எருதுகளையெல்லாம் விற்றாலும் அந்தத் தொகை தேறாது. செத்தவன் ஆங்கிலேயன் என்று தெரிந்துவிட்டாலோ, ஷெரிஃபின் அதிகாரி கொட்டாவி விட்டபடி குதிரையேறிவிடுவார்.

ஆகவே ஊர் பேர் தெரியாத பிணம் கிடைத்தால் லியோஃப்ரூனுக்குத்தான் முதலில் ஆள் வரும். அவள் போவாள், மாரில் அடித்துக்கொள்வாள், "ஐயோ, என் தங்கச்சி மகனே!" என்று அலறுவாள். கூலி ஒரு வாத்து. அவளுடைய ஒரே தங்கையோ கன்னியர் மடத்தில் துறவியாக இருந்தாள். தான் பதினோரு ஆண்மக்களைப் பெற்ற செய்தி அந்தப் புண்ணியவதியின் காதுக்கு எட்டியதேயில்லை.

பன்னிரண்டாவது பிணம் ஆஷ்கூமின் ஆற்றுத்துறையிலேயே கிடைத்தது. மண்டையில் ஒரு காயம். அவன் கல்மேல் விழுந்தானா, கல் அவன்மேல் விழுந்ததா என்று எவரும் கேட்கவில்லை. எல்லார் கண்ணும் அவன் பிடரியிலேயே நிலைத்தது. காது மட்டத்துக்குக் கீழே மழுங்கச் சிரைத்திருந்தான். நார்மன் வழக்கம் அது. தன்மானமுள்ள ஆங்கிலேயன் எவனும் அப்படிச் செய்ய மாட்டான்.

ஆஷ்கூமில் ஒரே ஒருவர் செய்தார்: மணியக்காரர் ஓர்ட்ரிக். ஒருமுறை கோட்டையில் மிச்சம் வைத்த திராட்சை மதுவைக் குடித்த நாள் முதல், லியோஃப்ரூன் காய்ச்சியதைக் கழுநீர் என்பார். தம் பாட்டி நார்மன்களின் ரூவான் நகரத்துக்காரி என்று சொல்லிக்கொள்வார். அந்தப் பாட்டி பன்றிக்குத் தீனி வைத்ததைப் பார்த்தவர்கள் இன்னும் நாலு பேர் ஊரில் உயிரோடிருந்தார்கள்.

"இந்தப் பொணம் வேணாம் லியோஃப்ரூன். பிடரியே காட்டிக்கொடுத்துடும்," என்றார் ஓர்ட்ரிக்.

"வேணாம்னா ஷெரிஃப் ஆளு எருதையெல்லாம் ஓட்டிக்கிட்டுப் போவான். அப்புறம் ஏரை உங்க கழுத்துலயா பூட்டுறது, மணியக்காரரே?"

உச்சிவேளைக்கு அதிகாரி தூரோல்ட் வந்தார். புதியவர், இளையவர், கொட்டாவி விடாதவர். கூடவே அவர் பேச்சை மொழிபெயர்க்க ஒரு துபாஷி. லியோஃப்ரூன் மாரில் அடித்துக்கொண்டு ஆரம்பித்தாள். தூரோல்ட் பாதியிலேயே கையை உயர்த்தி ஏதோ சொன்னார்.

"அழுகையை நிறுத்தச் சொல்றாரு. ஒன்பது வருஷத்துல பதினோரு தங்கச்சி மகன் செத்திருக்கான், இவன் பன்னெண்டாவதான்னு கேக்குறாரு," என்றான் துபாஷி.

"எங்க குடும்பத்துக்கு ஆயுசு கம்மி, எசமான்."

"பிடரியை யாரு சிரைச்சது?"

"பேன், எசமான்."

"பேன் சிரைக்குமா?"

கூட்டத்தில் எவனோ சிரித்துவிட்டுச் சட்டென்று இருமினான். தூரோல்ட் சிரிக்கவில்லை. அவர் சொன்னதைத் துபாஷி குரலைத் தாழ்த்திச் சொன்னான்: "இத பாரும்மா. இனிமே தாய்வழி உறவு மட்டும் போதாதாம். தகப்பன் வழியிலயும் ரெண்டு பேர் சத்தியம் பண்ணணும். பொய்னு தெரிஞ்சா, பழுக்கக் காய்ச்சின இரும்பை நீ கையில ஏந்திக்கிட்டு நடக்கணும். பையனோட அப்பன் யாரு?"

லியோஃப்ரூன் தன் உள்ளங்கையைப் பார்த்தாள். பிறகு கூட்டத்தைப் பார்த்தாள். ஆண்கள் ஒருவர் பின்னால் ஒருவர் ஒதுங்கினார்கள். ஒதுங்காமல் நின்றவர் ஓர்ட்ரிக் ஒருவரே. தம்மை எவரும் ஆங்கிலேயராகக் கருத மாட்டார்கள் என்ற நிம்மதி அவருக்கு.

"அந்தா நிக்கிறாரே, எங்க மணியக்காரர்," என்றாள் அவள். "திரும்பி நில்லுங்கையா, எசமான் உங்க பிடரியைப் பாக்கட்டும். அப்பன் சிரைக்கிறதப் பாத்து மகனும் சிரைச்சிருக்கான். மானங்கெட்ட ரத்தம், எசமான். வேற யாருக்கு இந்த ஆசை வரும்?"

தூரோல்ட் ஓர்ட்ரிக்கைச் சுற்றி வந்து பிடரியைப் பார்த்தார். குனிந்து பிணத்தின் பிடரியைப் பார்த்தார். பிறகு ஒரு கேள்வி கேட்டார்.

"நீ நார்மனா?" என்றான் துபாஷி.

இருபது ஆண்டுகளாக ஓர்ட்ரிக் காத்திருந்த கேள்வி அது. அவர் முதுகு தானாக நிமிர்ந்தது. அப்போது மேட்டுநிலத்திலிருந்து அவருடைய எட்டு எருதுகளில் ஒன்று கத்தியது. கூட்டத்தின் ஓரத்தில் அவர் மனைவி சேவின் இடுப்பில் கைவைத்து நின்றாள். லியோஃப்ரூனோ தன் கைகளை முந்தானைத் துணிக்குள் மறைத்துக்கொண்டு அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தப் பார்வையில் இப்போது நடிப்பு இல்லை.

"இல்ல, எசமான்," என்றார் ஓர்ட்ரிக், தரையைப் பார்த்து. "நான் இங்கிலீஷ்காரன். எங்கப்பன் பன்னி மேய்ச்சவன். பாட்டியும் அதே தொழில்தான். இவன்... என் பையன்தான்."

அவர் தம்பி முந்திக்கொண்டு வந்தான். அண்ணனிடம் அவனுக்கு நெடுநாள் கோபம். "சத்தியமா எங்கண்ணன் மகன்தான், எசமான்! மூக்கைப் பாருங்க. இவன் மட்டுமா, இன்னும் தேடினா..."

"போதும்டா," என்று உறுமினார் ஓர்ட்ரிக்.

இருவரும் புனிதப் பேழைமேல் கைவைத்துச் சத்தியம் செய்தார்கள், மூன்றாவதாக லியோஃப்ரூன். தூரோல்ட் ஒரு வார்த்தையையும் நம்பவில்லை என்பது அவர் முகத்திலேயே தெரிந்தது. ஆனால் சட்டம் கேட்டது மூன்று சத்தியம், மூன்றும் வந்துவிட்டன. குதிரையேறும்போது அவர் முனகியது என்னவென்று ஊரார் கேட்டும் துபாஷி மொழிபெயர்க்க மறுத்துவிட்டான்.

மகன் என்று சொன்னபின் அடக்கம் செய்யாமல் இருக்க முடியுமா? ஓர்ட்ரிக்தான் குழி வெட்டக் கூலி கொடுத்தார், பாதிரியாருக்குக் கோழி கொடுத்தார், துக்கத்துக்கு வந்தவர்களுக்கு லியோஃப்ரூனின் கழுநீரையே பீப்பாய் பீப்பாயாக வாங்கி ஊற்றினார்.

மறுநாள் காலை சேவின் ஒரு முழு ரொட்டியுடன் லியோஃப்ரூன் வீட்டுக்கு வந்தாள். ரொட்டியைக் கொடுக்காமல் கையிலேயே வைத்திருந்தாள்.

"உண்மையச் சொல்லுக்கா. உன் தங்கச்சி மடத்துக்குப் போறதுக்கு முன்னால, இந்த மனுஷனுக்கும் அவளுக்கும் ஏதாச்சும்..."

"சீச்சீ! போடி பைத்தியக்காரி. என் தங்கச்சி இந்த ஆளை ஏறெடுத்தும் பாத்திருக்க மாட்டா. எந்தப் பொம்பளைதான் பாப்பா?"

சேவின் பெருமூச்சு விட்டாள். முகம் தெளிந்தது. வாசல்வரை போனவள் நின்று, திரும்பினாள்.

"ஏன், என் புருஷனுக்கு என்ன கொறச்சல்?" என்று கேட்டுவிட்டு, ரொட்டியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு போயே விட்டாள்.