ஞாயிற்றுக்கிழமைக் கவிதை

1. செவத்த சிஸ்டர்

எண்பதுகளில் தருமபுரியில் ஒரு தனியார் பிரசவ ஆஸ்பத்திரியில் நர்சாக இருந்தேன். ஒருநாள் காலை பிறந்த குழந்தை அழவில்லை. டாக்டரம்மா தாயின் ரத்தப்போக்கை நிறுத்தப் போராடிக்கொண்டிருந்தார். நான் சக்‌ஷன் போட்டுச் சளியை எடுத்தேன். முதுகைத் தேய்த்தேன், உள்ளங்காலைச் சுண்டினேன். இனி இல்லை என்று ஆயா முகத்தைத் திருப்பிக்கொண்ட பிறகுதான் அது வீறிட்டது. துணியில் சுற்றி வெளியே எடுத்துப் போனேன். வாசலில் நின்ற, அந்தப் பெண்ணின் மாமியார் கையை நீட்டவில்லை.

"நீ குடுக்காத கண்ணு. மொதல்ல தூக்கறவங்க நெறம் புள்ளைக்கு ஒட்டிக்குமாம். அந்தச் செவத்த சிஸ்டர வரச் சொல்லு."

செவத்த சிஸ்டர் என்றால் லீலா. அப்போதுதான் டூட்டிக்கு வந்திருந்தாள். அவள் வந்து குழந்தையை என்னிடமிருந்து வாங்கி மாமியாரிடம் கொடுத்தாள். அதுவரை அதைத் தூக்கிவைத்திருந்தவள் நான்தான் என்று சொல்லி அவர்களைக் கலவரப்படுத்த வேண்டாம் என்று விட்டுவிட்டேன். ஸ்வீட் பெட்டி லீலாவுக்குப் போனது. அவள் அதை அப்படியே என் மேஜையில் வைத்துவிட்டு வார்டுக்குப் போய்விட்டாள்.

என் முதல் கவிதை அன்று எழுதியது.

2. அட்டைப்படம்

பிறகு நிறைய எழுதினேன். மூன்றாவதும் பெண் என்றதும் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தவளைப் பற்றி, நாங்கள் நின்றுகொண்டே வேலை பார்க்கையில் கம்பவுண்டருக்கு மட்டும் போடப்பட்ட நாற்காலியைப் பற்றி. கல்யாணப் பத்திரிகை அடிக்கும் அச்சகக்காரர் முருகேசனின் மனைவிக்கு எங்கள் ஆஸ்பத்திரியில்தான் பிரசவம் ஆனது. அந்த நன்றியில் புத்தகமாகப் போட்டுத்தர ஒப்புக்கொண்டார்.

அட்டை புரூஃபைக் காட்டினார். பால் நிறத்தில் ஒரு பெண், கையில் குத்துவிளக்கோடு சிரித்தாள்.

"இது யாருங்க?"

"நீங்கதாங்க. பொம்பள எழுதுன புக்குன்னு தெரியணுமில்ல?"

"நான் கருப்புங்க. உள்ள பாதிக் கவிதை அதப் பத்திதான்."

முருகேசன் சங்கடப்பட்டார். படம் அச்சடிக்க அவரிடம் இருந்த பெண் பிளாக்குகள் எல்லாமே சிவப்புதானாம். கருப்பாகப் போட்டால் மை அப்பி மூக்கு முழி தெரியாது என்று தொழில்நுட்பக் காரணமும் சொன்னார். கடைசியில் படமே இல்லாமல் வெறும் எழுத்தில் அட்டை போட்டார். முகமில்லாத புத்தகம் விற்காது என்று எச்சரித்தார். அதில் அவர் சொன்னது சரியாகத்தான் போயிற்று.

3. தியாகம்

அப்போது என் அம்மா பக்கத்தில் எங்கள் ஊரான இண்டூரில் படுத்த படுக்கையாக இருந்தாள். தம்பி மனைவிதான் பார்த்துக்கொண்டாள். எங்களுக்கு வார விடுமுறை என்று ஒன்று கிடையாது. அதை வைத்து எழுதிய கவிதை இது:

எல்லாக் கிழமையும்
யார் யாருடைய முதுகையோ
துடைத்துவிடுகிறேன்.
ஞாயிற்றுக்கிழமை
என் அம்மாவின் முதுகு
என்னைக் கேட்கிறது.

வெளியீட்டு விழாவுக்கு டாக்டரம்மாவைத்தான் தலைமை தாங்க அழைத்தேன். இந்தக் கவிதையைப் படித்தால் வேலையை விட்டு நிறுத்திவிடுவாரோ என்று உள்ளுக்குள் பயம். மேடையில் அவர் சரியாக அதைத்தான் எடுத்தார். நிறுத்தி நிதானமாக வாசித்தார். அவர் கண் கலங்கியது.

"பெத்த அம்மா அங்க கெடக்கும்போதும் இந்தப் பொண்ணு நம்ம பேஷண்ட்டத்தான் பாக்குறா. இதுக்குப் பேருதான் தியாகம்."

கூட்டம் கைதட்டியது. மறுவாரம் கவிதை கண்ணாடிச் சட்டத்துக்குள் போய் வரவேற்பறையில் தொங்கியது. அந்த மாதமே லீலா ஊருக்குப் போக லீவு கேட்டாள். அவளுடைய டூட்டியையும் சேர்த்து எனக்கே போட்டார்கள். எனக்குத்தான் சேவை மனசு இருக்கிறதே என்று டாக்டரம்மா காரணம் சொன்னார்.

லீலாவுக்கு அது பொறுக்கவில்லை. லீவை ரத்து செய்துவிட்டு என்னை இழுத்துக்கொண்டு டாக்டரம்மா அறைக்குள் போனாள். மற்ற நர்சுகளும் ஆயாவும் பின்னால் வந்து நின்றார்கள்.

"மேடம், எங்களுக்கு ஞாயித்துக்கெழம லீவு வேணுங்க. முறை போட்டுக்கறோம்" என்றேன்.

டாக்டரம்மா நிஜமாகவே ஆச்சரியப்பட்டார். "இத நீ மொதல்லயே சொல்லியிருக்கலாமே?"

"அச்சடிச்சே குடுத்தேங்க மேடம்."

ஒருவர் மாற்றி ஒருவர் என்று முறை போட அவர் ஒத்துக்கொண்டார். வரவேற்பறையில் தொங்கிய சட்டத்தை மட்டும் கழற்ற மறுத்துவிட்டார். பார்க்க வருகிறவர்கள் நன்றாக இருக்கிறது என்கிறார்களாம்.

என் முறை வந்த முதல் ஞாயிற்றுக்கிழமை இண்டூர் போனேன். வெந்நீர் வைத்து அம்மாவின் முதுகைத் துடைத்தேன். அவள் திரும்பாமலே கேட்டாள்: "வேலைய வுட்டுத் தூக்கிட்டாங்களாடி?"

இல்லை, லீவு கொடுத்தார்கள் என்றேன். அவள் நம்பவில்லை. ஆனால் இன்னும் கொஞ்சம் அழுத்தித் தேய்க்கச் சொன்னாள்.

இப்போது வேலைக்கு வரும் பெண்களில் கவிதை எழுதுகிறவர்கள் பலர் இருக்கிறீர்கள். கட்டாயம் எழுதுங்கள். ஆனால் லீவு மட்டும் உரைநடையில் கேளுங்கள், கூட நாலு பேரை வைத்துக்கொண்டு.