தொண்டையைப் பார்த்து நிறம் கலப்பவர்

தட்டைக் கத்தியின் நுனி மஞ்சளைத் தொட்டு, சாம்பலில் இழுத்து, கண்ணாடிப் பலகையின்மேல் வட்டமிடுகிறது. கலப்பவரின் கைகள்தான் பலகையில் இருக்கின்றன. கண்கள், எதிரே ஸ்டூலில் உட்கார்ந்திருக்கும் பேருந்து ஓட்டுநரின் தொண்டையில். நிறம் கொஞ்சம் கொஞ்சமாக மாறிக்கொண்டே போகிறது. ஓரிடத்தில் ஓட்டுநர் எச்சில் விழுங்குகிறார். கத்தி நின்றுவிடுகிறது.

"இதான். தலைமாட்டுச் சுவர்ல அடிங்க, தூக்கம் வரும்."

"தூக்கத்துக்கு நீலம்னுதானே சொல்வாங்க? இது என்னமோ காஞ்ச புல்லு மாதிரி இருக்கு."

"நீலம் அடிச்சுட்டுத்தானே இவ்வளவு நாளா முழிச்சுட்டிருக்கீங்க?"

அடுத்த வாரம் ஓட்டுநரின் மனைவி சண்டைக்கு வந்தார். "தூக்கம் கேட்டா, குறட்டையையும் சேர்த்துக் கலந்து குடுத்துட்டீங்களே!"

தெருவில் அவரை வம்பக்கா என்கிறார்கள். அந்தப் பெயரைச் சம்பாதித்தது வண்ண சபையில். இந்த ஊரில் வண்ண மந்திரம் முழுக்கச் சபையின் கையில்தான். சிவப்பு தைரியம் தரும், நீலம் தூங்க வைக்கும், பச்சை கோபத்தை ஆற்றும். எல்லோருக்கும் ஒரே கலவை. அங்கே பாடம் நடத்திக்கொண்டிருந்த வம்பக்கா ஒரு நாள் நிறைந்த கூட்டத்தில் எழுந்து, மந்திரம் நிறத்தில் இல்லை, அதைப் பார்க்க ஏங்குகிறவரிடம் இருக்கிறது, ஏக்கம் ஆளுக்கு ஆள் வேறு, அதைத் தொண்டை காட்டிக்கொடுத்துவிடும் என்று சொல்லிவிட்டார். சபை அவரை வெளியேற்றியது. அவர் கலந்ததைச் சபையினர் தொட்டால் பதவி போகும் என்று விதியும் போட்டது. வெளியேற்றக் கை தூக்கியவர்களில் அவருடைய சொந்தத் தங்கையும் உண்டு. இன்று சபையின் தலைவி அந்தத் தங்கைதான்.

வம்பக்காவின் வீட்டுச் சுவர்களில் வண்ணமே கிடையாது, வெறும் சிமென்ட். கேட்டால் சிரிக்கிறார். "கண்ணாடி முன்னால உக்காந்து கலந்து பாத்தேன். தொண்டையைப் பாத்தா நிறம் தப்புது, நிறத்தைப் பாத்தா தொண்டை தப்புது. போடான்னு விட்டுட்டேன்."

அவரை வெளியேற்றினாலும் அவர் சொன்னது நின்றுபோகவில்லை. துணிக்குச் சாயம் போடுகிறவர்கள், மருத்துவமனைக்கு வண்ணம் அடிக்கிறவர்கள் எல்லாம் இப்போது தொண்டையைப் பார்த்துத்தான் கலக்கிறார்கள். சபையே 'முகக்குறி முறை' என்று ஒரு பாடம் வைத்திருக்கிறது. அதில் அவர் பெயர் இல்லை. அந்தச் செய்தியை ஒளிந்து வந்து சொன்ன சபை ஆசிரியரிடம், "பேரை வச்சுக்கிட்டு என்ன பண்ண? வேலை நடக்குதுல்ல" என்றார். ஆசிரியர் கிளம்பும்போது குரலைத் தாழ்த்தி, "எங்க சின்னவளுக்கு அந்த இருமல் நின்னுச்சா?" என்று தங்கையைப் பற்றிக் கேட்டார். சபைக்குத் தண்ணீர் லாரி ஓட்டுகிறவரிடமும் இதையேதான் கேட்பார்.

அவர் கலப்பதைப் பார்க்க நான் போயிருந்த மதியம், மழை விட்டிருந்தது. வாசலில் சபை வண்டி வந்து நின்றது. தங்கை இறங்கி வந்து, வணக்கம்கூடச் சொல்லாமல் ஸ்டூலில் உட்கார்ந்தார். கைகளில் சபையின் வெள்ளைக் கையுறை.

"ஒரு ரூமுக்கு நிறம் வேணும்."

"எந்த ரூமு?"

"நாம ரெண்டு பேரும் படுத்துட்டிருந்த ரூமு. வீட்டைத்தான் இடிச்சுட்டாங்களே. இப்ப நான் படுக்கிற ரூம்லயாவது அந்த நிறம் இருக்கட்டும்."

வம்பக்கா வெள்ளையை வழித்துப் பலகையில் வைத்தார், செங்கல் நிறத்தில் ஒரு சொட்டு சேர்த்தார். வேலையின் சூட்சுமம் தெரிந்த தங்கை, தாடையை உயர்த்தித் தொண்டையைக் கல்லாக இறுக்கிக்கொண்டார். கத்தி சுழன்றது. ஒரு கட்டத்தில், வெயில் பட்டு வெளுத்த, வெள்ளையென்றும் இளஞ்சிவப்பென்றும் சொல்ல முடியாத ஒரு நிறம் பலகையில் வந்தது. அதுதான் அந்தச் சுவரின் நிறம் என்பது வம்பக்காவின் கத்தி சட்டென்று மெதுவானதில் எனக்கே தெரிந்தது. ஆனால் எதிரே தொண்டை அசையவில்லை. வம்பக்கா தன் ஞாபகத்தை நம்பி அங்கே நிறுத்தினால், எதற்காகச் சபையை விட்டு வெளியே வந்தாரோ அதுவே பொய்யாகிவிடும். அவர் நிறுத்தவில்லை. நிறம் சாம்பலை நோக்கி நகர்ந்தது.

"தாண்டிட்ட" என்றார் தங்கை.

"உன் தொண்டை ஒண்ணும் சொல்லலையே."

"அதான் வாயால சொல்றேனே. தாண்டிட்டக்கா. திரும்பி வா."

வம்பக்கா கத்தியைத் துடைத்துவிட்டு ஒரு துளி வெள்ளை சேர்த்தார். இன்னொரு துளி. இம்முறை தங்கை விழுங்கினார், விழுங்கியதில் இருமலும் வந்தது.

"இன்னும் நிக்கலையாடி இது?"

"நீ வேலையைப் பாரு."

கலவையைச் சின்ன டின்னில் வழித்துப் போட்டுவிட்டு, வம்பக்கா மூடியைத் தேடினார். "பின்வாசல் வழியா போயிடு. வண்டிகிட்ட உங்க ஆளுங்க நிக்கிறாங்க, பாத்துடுவாங்க."

"மூடியும் வேணாம், பின்வாசலும் வேணாம், இப்படியே குடு."

தங்கை இரண்டு கையுறைகளையும் கழற்றி மேசைமேல் வைத்தார். வம்பக்கா டின்னின் விளிம்பில் வழிந்ததை விரலால் துடைத்துவிட்டு, அந்த வெறுங்கைகளில் கொடுத்தார்.