பிளாஸ்டிக்கையும் சேர்த்து அளந்தேன்

என் மனைவி நர்ஸ். நைட் டூட்டி முடிந்து வந்தால், பகலில் ஜன்னலை அடைத்து, ஏசியைப் போட்டு, போனைச் சைலன்டில் வைத்துத் தூங்குவாள். எங்கள் ஜனக்புரி வீட்டில் அந்த ஏசியை மாட்டியது மே மாதத்து இரண்டாவது சனிக்கிழமை, டைரியில் இருக்கிறது. மாட்ட வந்தவர், பிளக்குக்கு வரும் வயர் இரண்டரை எம்.எம்.முக்குக் குறையாமல் இருக்கிறதா என்று கேட்டார். அந்த பிளக்குக்கு வயரிங் செய்தபோது மிஞ்சிய துண்டை ஸ்கேலில் வைத்தேன். மூன்று மில்லிமீட்டர். "டீக் ஹை", சரியாக இருக்கிறது என்றேன். துண்டை ஓர் உறையில் போட்டு, மேலே தேதியும் "3" என்றும் எழுதினேன்.

மூன்று வாரம் கழித்து வந்த செவ்வாய்க்கிழமை, அடுத்த அறைக்கும் அதே வயர் வாங்க உறையோடு கரோல் பாக் கடைத்தெருவுக்குப் போனேன். கடைக்காரர் துண்டின் தோலைச் சீவினார். உள்ளே செம்பு பெரிய குண்டூசி அளவுதான்.

"அங்கிள்ஜி, இது பல்புக்குப் போடுறது. ஒரு எம்.எம்."

"நான் அளந்தேனே, மூணு."

"பிளாஸ்டிக்லயா கரண்ட் ஓடுது?" என்றார் இந்தியில். பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். இரண்டரை என்பது செம்பை வெட்டினால் தெரியும் முகத்தின் பரப்பு, குறுக்களவு அல்ல என்று காகிதத்தில் வட்டம் போட்டுக் காட்டினார். மெல்லிய செம்பில் ஏசி ஓடினால் வயர் சுவருக்குள்ளேயே வெந்துபோகுமாம்.

மணி பதினொன்று நாற்பது. வீட்டில் மனைவி எட்டரைக்கே படுத்திருப்பாள்.

ஏழு முறை கூப்பிட்டேன். எடுக்கவில்லை. தூக்கம்தான் என்று சொல்லிக்கொண்டேன். நேற்றுவரை அதை நம்புவது சுலபமாக இருந்தது. வீட்டுக்கு மெட்ரோ ரயிலில் ஏறியதும், மேம்பாலத்திலிருந்து வீடு இருக்கும் மேற்குப் பக்கம் புகை தெரிகிறதா என்று பார்த்தேன். வானம் முழுக்கப் புழுதி. எது புகை என்று எப்படிச் சொல்வது?

வீட்டுப் படிக்கட்டின் அடியில் இருந்த மெயின் சுவிட்சை இறக்கிவிட்டு மேலே ஓடினேன். கதவைத் திறந்ததும் உருகிய பிளாஸ்டிக் வாடை. அறை வாசலில் அவள் வியர்த்து நின்றாள்.

"எதுக்கு அணைச்சிய? இப்பத்தான் கண்ணு அசந்துச்சு."

பிளக்கைக் காட்டினேன். ஓரம் பழுப்பேறியிருந்தது. பக்கத்துச் சுவரில் கை வைத்தவள் வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள்.

"எத்தன நாளா இப்படி?"

டைரியைப் பார்க்க வேண்டியிருக்கவில்லை. "இருபத்து நாலு நாள்."

அவள் சுவரையே பார்த்தாள். "அத்தன நாளும் இதுகிட்டயா தலைய வச்சுப் படுத்துக் கெடந்தேன்?" என்றவள், கட்டிலைப் பிடித்துச் சுவரைவிட்டு இழுக்கத் தொடங்கினாள்.