இடது மூலையில் ஒருவர்

எங்கள் ஸ்டுடியோவில் அவர் நேருக்கு நேர் ‘அக்கா’. முதுகுக்குப் பின்னால் ‘பூதக்கண்ணாடி’. அந்தப் பெயரை வைத்தவனே நான்தான்.

ஓட்டை உடைசல் விண்கலங்களைப் பழுதுபார்க்கும் ஒரு குடும்பத்தைப் பற்றிய கார்ட்டூன் நகைச்சுவைத் தொடர் எங்களுடையது. நான் பின்னணி வரைபவன். கிரகம், கடைத்தெரு, சுவரொட்டி எல்லாம் என் தலையில். அதற்குள் குறும்புகளை ஒளித்து வைப்பது எங்களுக்குப் பழக்கம். பழைய காதல் படத்தின் சுவரொட்டியில் கதாநாயகனுக்கு நாலு கை இருக்கும். எங்கள் இயக்குநரின் வழுக்கை நிலாவாக உதிக்கும். ரசிகர்கள் படத்தை நிறுத்தி நிறுத்தித் தேடுவார்கள்.

அவர்களுக்கு முன்னால் தேடிப் பிடிப்பதுதான் அக்காவின் உத்தியோகம். அடுத்தவர் படத்தை அப்பட்டமாகக் காப்பியடித்திருக்கிறோமா, உண்மையான ஆளின் சாயல் தெரிகிறதா, யாராவது வழக்குப் போடுவார்களா என்று ஒவ்வொரு படமாகப் பார்த்துச் சிவப்பு மையில் எழுதி அனுப்புவார். ‘நீக்கவும்’, ‘மாற்றவும்’. ஒன்பது வருடத்தில் வேறு வார்த்தை எழுதியதில்லை. நான் மூன்று நாள் மண்டையை உடைத்து ஒளித்ததை மூன்று நிமிடத்தில் பிடித்துவிடுவார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஒரு புன்னகையாவது உண்டா? சிரித்தால் வாய் சுளுக்கிக்கொள்ளும் என்று கேலி பேசுவோம்.

ஒருநாள் வயிற்றெரிச்சலில் அவரையே வரைந்தேன். விண்வெளித் துறைமுகத்தில் பெட்டிகளைக் கிளறும் மூன்று கண் அதிகாரி. அதே சாம்பல் ஸ்வெட்டர், கொண்டையில் செருகிய அதே பேனா. சிவப்பு மைக்காகக் காத்திருந்தேன். அக்காவே மூன்றாவது மாடியிலிருந்து இறங்கி என் மேசைக்கு வந்தார், கையில் இரண்டு படிவங்களோடு.

“உயிரோட இருக்கிறவங்களை வரைஞ்சா சம்மதக் கையெழுத்து வேணும் தம்பி. நீங்க கேக்கல. நானே போட்டுட்டேன்.”

என் முகத்தில் ஈயாடவில்லை. “அக்கா, சும்மா விளையாட்டுக்கு...”

“தெரியுது. மூணாவது கண்ணுக்கும் கண்ணாடி மாட்டியிருக்கீங்களே.” இரண்டாவது படிவத்தை நீட்டினார். அதில் ஒரு புகைப்படம் செருகியிருந்தது. “இறந்தவங்கன்னா வாரிசு கையெழுத்து போதும். அந்த ஆபீசருக்குப் பக்கத்துல ஒரு நாற்காலி காலியா கெடக்கு. இவரை உக்கார வைக்க முடியுமா?”

புகைப்படத்தில் அவர் கணவர், தொப்பையும் சிரிப்புமாக, எதையோ சுட்டிக்காட்டிக்கொண்டிருந்தார்.

“எந்தப் படம் பார்த்தாலும் மூலையைத்தான் பார்ப்பாரு. ‘அங்க பாரு, அங்க பாரு’ன்னு என் தோளைத் தட்டிக்கிட்டே இருப்பாரு. நீங்க ஒளிக்கிறது எல்லாமே எனக்குப் புரியும் தம்பி. நல்லா சிரிப்பு வரும். வெளிய மூச்சு விடக்கூடாதுன்னு கம்பெனி விதி. வீட்டுல சொல்றதுக்கும் ஆள் இல்ல. ஆறு வருஷமாச்சு. ஒரு தடவை அவரை டிவியில பார்க்கணும், அவ்வளவுதான்.”

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. அன்றே வரைந்தேன். திரையில் அரை நொடிதான் வருவார், விரலை நீட்டியபடி. அது ஒளிபரப்பாக வேண்டிய வாரம் அக்கா என்னை லிஃப்டில் பார்க்கும்போதெல்லாம், “ஞாயித்துக்கிழமை சாயங்காலம் ஆறு மணிதானே?” என்று கேட்டார். நாலு தடவை கேட்டிருப்பார்.

ஞாயிறு மாலை நானும் மனைவியும் டிவி முன்னால் உட்கார்ந்தோம். துறைமுகக் காட்சி வரவே இல்லை. எடிட்டருக்கு போன் போட்டேன்.

“நீளம் கூடிப்போச்சுப்பா. அந்த சீனை முழுசா தூக்கிட்டோம். ஏன், அதுல ஏதாச்சும் இருந்துச்சா?”

எடிட்டர் கடைசியாக வெட்டுவது அக்காவின் பார்வைக்குப் போவதில்லை. ஆள் இல்லாத வீட்டில் அவர் கண்ணிமைக்காமல் இருபத்திரண்டு நிமிடமும் மூலை மூலையாகத் தேடியிருப்பார். முடிந்த பிறகும் டிவியை அணைக்காமல் இருந்திருப்பார். அவருக்கு போன் செய்யும் தைரியம் எனக்கு வரவில்லை.

மறுநாள் மூன்றாவது மாடிக்கு ஏறினேன். நான் வாயைத் திறப்பதற்குள் அவர் முந்திக்கொண்டார்.

“பார்த்தேன் தம்பி. நல்லா தெரிஞ்சாரு. ரொம்ப தேங்க்ஸ்.”

கண்ணை மானிட்டரிலிருந்து எடுக்கவே இல்லை. ஒரு புள்ளி இடம் மாறினாலும் விடாத மனுஷி, என் மனம் நோகக்கூடாதென்று பொய் சொன்னார். நான் தலையாட்டிவிட்டு இறங்கி வந்துவிட்டேன்.

அந்தக் குடும்பத்தின் பட்டறைச் சுவர் வராத வாரமே கிடையாது. எந்த எடிட்டராலும் அதை வெட்ட முடியாது. அந்தச் சுவரின் இடது மூலையில், சட்டம் போட்ட படத்துக்குள், விரல் நீட்டிய மனிதர் ஒருவரை மாட்டி மேலே அனுப்பினேன்.

இரண்டு நாள் கழித்துச் சிவப்பு மை வந்தது.

‘இடது மூலை: வாரிசு சம்மதம் உண்டு. தொப்பை போதாது. மாற்றவும்.’