நடிகை வேண்டாமென்று வைத்த அரக்குப் புடவை

பிரசவ லீவு முடிந்து திரும்பிய அன்றே என்னை மெத்தையிலிருந்து இறக்கிவிட்டார்கள். காஞ்சிபுரத்துப் பட்டுக்கடைகளில் வெள்ளைத் துணி விரித்த மெத்தையில்தான் வியாபாரம். வருகிறவர்கள் கேட்டால் புடவையை எங்கள் மேலேயே சுற்றிக் காட்டுவோம்.

"உடம்பு போட்டுட்டம்மா. நீ உள்ள மடிப்பு பாரு, வித்யா காட்டட்டும்" என்றார் சூப்பர்வைசர். வித்யா புதிதாகச் சேர்ந்த ஒல்லிப் பெண்.

முகூர்த்தம் இல்லாத மாதங்களில், காட்டிய புடவைகளை மடித்து வைக்கும் மடிப்பறை ஆட்களைத்தான் முதலில் நிறுத்துவார்கள். பால்குடிக்கிற பிள்ளையை மாமியாரிடம் விட்டு வந்தது இதற்கா என்று நெஞ்சு கொதித்தது. ஆனாலும் உள்ளே போய் மடிக்க உட்கார்ந்தேன். பேசினால் இந்த வேலையும் போய்விடுமோ என்ற பயம்.

கடை வாசலில் ஒரு நடிகையின் பெரிய படம் உண்டு. என் அம்மா பள்ளியில் படித்தபோதே அவர் கதாநாயகி. கல்யாணம், பிள்ளைகள் என்று காணாமல் போனவர், அம்மா வேடத்தில் திரும்பி வந்தார். இப்போது டிவி நிகழ்ச்சியில் நடுவர். ஐயம்பேட்டைப் பெண்கள் இன்றும், "அந்தம்மா டிவில கட்டிக்கினு வந்துச்சே, அந்தக் கலர் குடு" என்றுதான் கேட்பார்கள். வாசலில் இருப்பதோ அவருடைய இளவயதுப் படம்.

மகள் கல்யாணத்துக்குப் புடவை எடுக்க அவரே ஒருநாள் வந்தார். தெருவே கூடிவிட்டது. மடிப்பறை வாசலில் நின்று பார்த்தேன். என்னைவிடப் பருமன். மகளுக்கு ஒன்று எடுத்தார். தனக்கென்று ஓர் அரக்குப் புடவையைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். வித்யா அதைத் தன்மேல் சுற்றிக் காட்டினாள்.

"இந்தப் பொண்ணுக்கு எது கட்டினாலும் நல்லாருக்கும். எனக்கு எப்படி இருக்கும்?"

"உங்களுக்கு என்னம்மா, அன்னைக்குப் பாத்த மாதிரியே இருக்கீங்க" என்று குழைந்தார் சூப்பர்வைசர்.

நடிகை சிரித்தார். அரக்கை வைத்துவிட்டுப் போனார். கார் நகர்ந்ததும் சூப்பர்வைசர், "ஆளு பூதாகாரமா ஆயிடுச்சிப்பா" என்று மற்றவர்களிடம் சொல்லிச் சிரித்தார். அவரோடு செல்ஃபி எடுக்க முண்டியடித்ததும் இதே ஆள்தான்.

அடுத்து வாலாஜாபாத்திலிருந்து மருமகளோடு, என்னைப் போலவே பருமனான ஓர் அம்மா வந்தார். "அவங்க பாத்தாங்களாமே, அரக்கு, அதக் காட்டு." சூப்பர்வைசர் வித்யாவைக் கூப்பிட்டார். அதற்குள் நான் புடவையை எடுத்துக்கொண்டு மெத்தையில் ஏறினேன்.

"உன்னை யாரு கூப்பிட்டது?"

"புடவை இந்த அம்மாவுக்கு சார். வித்யாவுக்கு இல்ல."

கொசுவம் வைத்து, முந்தானையைத் தோளில் விட்டு, அந்த அம்மாவின் முன் நின்றேன். பிரசவ வயிறு மறையவில்லை. மறைக்கவும் இல்லை.

"தோ பாரு, இப்பதான தெரியுது எனக்கு எப்படி இருக்கும்னு!" என்றார் மருமகளிடம். "பில் போடுங்க."

மறுநாள் சூப்பர்வைசர் என் முகத்தைப் பார்க்காமல், "நீயும் மெத்தையிலயே இரு" என்றார். மன்னிப்பெல்லாம் இல்லை. அதிகமாகப் பேசிவிட்டேனோ என்று வீட்டில் பிள்ளைக்குப் பால் கொடுக்கும்போது இப்போதும் தோன்றும். பிறகு அரக்கை வைத்துவிட்டுப் போன நடிகையின் அந்தச் சிரிப்பு ஞாபகம் வரும், தோன்றியது போய்விடும்.

புதிதாக மெத்தைக்கு வரும் பெண்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான்: புடவையை எடுக்கும் முன் எதிரே உட்கார்ந்திருப்பவரைப் பாருங்கள். நம் கடையில் அன்று எல்லோரும் வாசல் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம். வந்தவரை யாரும் பார்க்கவில்லை.