பெயரில்லாத மேடுகளின் முன் படித்த பக்கங்கள்

அர்ஜென்டினாவின் இந்தப் புல்வெளி ஊரில், என் ரொட்டிக்கடைக்கு அடுத்த மருந்துக்கடையில் மாத்திரை எடுத்துக் கொடுப்பவள் சுலேமா துபின். அவள் நாவல் எழுதுகிறவள் என்பது, தலைநகரிலிருந்து பத்திரிகைக்காரர்கள் வந்து வழி கேட்ட பிறகுதான் ஊரில் பாதிப் பேருக்குத் தெரியும். மதியம் இருவரும் கடையைச் சாத்திவிட்டு ஒரே குடுவையில் மாத்தே இலைத் தேநீர் உறிஞ்சுவோம். அப்படி உட்கார்ந்திருந்தபோது ஒருநாள் சொன்னாள்:

"பெர்த்தா, மாசக்கணக்கா ஒரே அத்தியாயத்துல நிக்கிறேன்டி. அந்தக் குழந்தைங்களச் சாகடிக்க மனசு வரல."

எந்தக் குழந்தைகள் என்று நான் கேட்கவில்லை. எங்கள் ஊரில் யாரும் கேட்கமாட்டார்கள். ருஷ்யாவிலிருந்து கப்பலேறி வந்த எங்கள் யூத முன்னோர், நிலம் தருகிறேன் என்றவன் வராமல் போகவே, முதல் குளிர்காலத்தை ரயில் கொட்டகையில் கழித்தார்கள். காய்ச்சல் வந்தது. பெரியவர்கள் பலர் பிழைத்தார்கள். குழந்தைகள் பிழைக்கவில்லை. கல்லறைத் தோட்டத்தின் மூலையில் சின்னச் சின்ன மேடுகள் இருக்கின்றன. அன்று பெயர் வெட்டக் கல் இல்லை. பிறகு பெயர் தெரிந்தவர்கள் இல்லை.

"காய்ச்சல்ல செத்தாங்கன்னு ஒரு வரி எழுதிட்டுத் தாண்டிப் போயேன்" என்றேன்.

"இத்தன காலமா அந்த ஒரு வரியிலதானடி கெடக்குறாங்க."

ஒவ்வொரு குழந்தைக்கும் தானே ஒரு பெயர் வைத்து, ஒரு பக்கம் எழுதினாள். கப்பல் தளத்தில் வாத்து நடை நடந்து மாலுமிகளைச் சிரிக்கவைத்த மொட்டல். தம்பியின் ரொட்டியைத் தின்றுவிட்டு, அவன் தூங்கும்போது அவன் காலைத் தடவிக்கொண்டே அழுத ஹின்டே. ரயில் எஞ்சினை மாடு என்று நினைத்துப் புல் நீட்டிய லேய்சர். எந்தப் பக்கத்திலும் சாவு இல்லை. பக்கம் முடிந்துவிடும், அவ்வளவுதான். அதைப் படித்தபோது என் அடுப்பில் ரொட்டி கருகியதுகூட எனக்கு உறைக்கவில்லை.

புத்தகம் வந்ததும், அந்தப் பக்கங்களை மேடுகளுக்கு முன்னால் ஊரே கூடிப் படிக்கலாம் என்று பேச்சு எழுந்தது. கல்லறைத் தோட்டத்தைப் பார்த்துக்கொள்ளும் பெரியவர் தோன் அப்ரஷா, நானும் அங்கே இருந்த நேரம் மருந்துக்கடைக்கே வந்துவிட்டார்.

"பேரு வைக்க நீ யாரும்மா? பெத்தவ வச்ச பேரு அதுங்களுக்கு இருந்துச்சு. அதுக்கு மேல உன் பேர ஒட்டுவியா?"

நான் வாயைத் திறந்தேன். சுலேமா என் கையை அழுத்தினாள்.

"நீங்க சொல்றது நியாயம், தோன் அப்ரஷா. கல்லு நட மாட்டோம், ஒரு எழுத்து வெட்ட மாட்டோம். இப்படி ஒரு புள்ள இருந்திருக்கலாம்னு படிக்க மட்டும் விடுங்க."

கிழவர் இருமல் மருந்தை வாங்கிக்கொண்டு போனார். ஞாயிற்றுக்கிழமை நாங்கள் போனபோது கல்லறைத் தோட்டத்தின் கதவு திறந்திருந்தது.

யூதர்கள் மட்டும் வரவில்லை. மாடு மேய்க்கிறவர்கள் குதிரையை வேலியில் கட்டிவிட்டு, தொப்பியைக் கழற்றிக்கொண்டு உள்ளே வந்தார்கள். ஆளுக்கு ஒரு பக்கத்தோடு ஒவ்வொரு மேட்டுக்கு முன்னால் நின்றோம். தோன் அப்ரஷாவும் கையை நீட்டி ஒரு தாளை வாங்கினார். உடனே படிக்கவில்லை. எங்கள் வழக்கப்படி மேட்டின் மேல் ஒரு கூழாங்கல்லை வைத்தார்.

"உங்கம்மா உன்ன என்னன்னு கூப்பிட்டாளோ, எனக்குத் தெரியலடா கண்ணு. கோவிச்சுக்காத. இப்போதைக்கு இதக் கேளு."

பிறகு படிக்க ஆரம்பித்தார். எல்லோரும் ஒரே நேரத்தில் படித்தோம். யாரும் யாருக்காகவும் நிறுத்தவில்லை. அத்தனை குரல்களும் கலந்து புல்லுக்கு மேலே எழுந்தபோது, பள்ளிக்கூடம் விட்டதும் ஒரு கூட்டம் பிள்ளைகள் ஓடி வருகிற இரைச்சல்போல் இருந்தது. என் உடம்பெல்லாம் சிலிர்த்தது. எங்கள் ஜெபக்கூடத்தில்கூட எனக்கு அப்படி ஆனதில்லை.

சுலேமா எந்தப் பக்கமும் படிக்கவில்லை. சுவரோரம் நின்று, கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தாள். தினமும் என்னோடு உட்கார்ந்து அரட்டையடிக்கிற இவளா இதைச் செய்தாள் என்று நான் அவளையே பார்த்தேன். கூப்பிடத் தோன்றவில்லை.

இப்போதும் அங்கே நட்ட கல் இல்லை, எழுத்தும் இல்லை. ஆனால் குளிர்காலம் தொடங்கியதும் வரும் முதல் ஞாயிற்றுக்கிழமை, யாரும் அழைக்காமலே ஊர் அந்தப் பக்கங்களோடு அங்கே கூடுகிறது.